காய்கறி ஏற்றும் மினி வேனுக்கு வீல் மாற்றுகிறீர்களா?
கடைக்குப் போகும் முன் அளக்க வேண்டியவை

விடியற்காலை மூன்று மணிக்குத் தக்காளிப் பெட்டிகளை ஏற்றிக்கொண்டு சந்தைக்குக் கிளம்புகிறீர்கள். காட்டுப் பாதையைத் தாண்டித் தார்ச்சாலை ஏறியதும் பின்பக்கத்தில் ஒரு 'கடகட' சத்தம். இறங்கிப் பார்த்தால் சக்கரத்தின் நட்டுகள் தளர்ந்திருக்கின்றன. போன வாரம்தான் பழைய டிஸ்க் வளைந்துவிட்டது என்று காயலான் கடையில் வேறொன்று வாங்கிப் போட்டீர்கள். 'நாலு ஓட்டை, பன்னிரண்டு இஞ்ச், சரியாக உட்காரும்' என்று சொல்லித்தான் கொடுத்தார்கள்.

உட்காருவது வேறு, பொருந்துவது வேறு. சக்கரம் கழன்றால் போவது ஒரு லோடு தக்காளி மட்டுமல்ல. அதே வேனில்தான் மறுநாள் பிள்ளைகளைப் பள்ளிக்கு அனுப்புகிறோம். திருவிழாவுக்குக் குடும்பத்தோடு போகிறோம்.

கிராமங்களில் இந்தச் சிக்கல் அதிகம் வருவதற்குக் காரணம் இருக்கிறது. 1984-ல் வந்த மாருதி ஆம்னியின் தயாரிப்பு 2019-ல் நின்றுவிட்டது. ஆனால் வண்டிகள் இன்னும் ஓடுகின்றன. டிஸ்க் வளைந்தாலோ, துருப்பிடித்து ஓட்டை விழுந்தாலோ, பழைய சாமான் கடையைத்தான் பலரும் தேடிப் போகிறார்கள். அங்கே எல்லா வண்டியின் டிஸ்க்கும் ஒரே குவியலில் கிடக்கும். சரியானதைப் பொறுக்கி எடுக்க நீங்கள் பார்க்க வேண்டியவை இவை.

1. துளை வட்டம்

டிஸ்க்கில் இருக்கும் போல்ட் துளைகளின் நடுப்புள்ளிகளை இணைத்து ஒரு வட்டம் போட்டால், அந்த வட்டத்தின் விட்டம்தான் 'பி.சி.டி.' என்று கடைக்காரர்கள் சொல்வது. நான்கு துளை உள்ள சிறிய வண்டிகளில் 100 மி.மீ., 114.3 மி.மீ. என்ற இரண்டு அளவுகள் பரவலாக உள்ளன. குவியலில் கிடக்கும்போது இரண்டும் ஒன்றுபோலவே தெரியும்.

அளப்பது எளிது. நான்கு துளை டிஸ்க் என்றால், ஒரு துளையின் வெளி விளிம்பிலிருந்து நேர் எதிர்த் துளையின் உள் விளிம்பு வரை ஸ்கேல் வைத்து அளக்கவும். அதுவே பி.சி.டி. ஐந்து துளை என்றால் நேர் எதிரே துளை இருக்காது. அடுத்தடுத்த இரண்டு துளைகளின் நடுப்புள்ளிகளுக்கு இடையே உள்ள தூரத்தை அளந்து 1.7 ஆல் பெருக்கினால் ஏறக்குறையச் சரியான அளவு கிடைக்கும்.

ஐந்து துளையில் 112 மி.மீ., 114.3 மி.மீ. என இரு அளவுகள் இருக்கின்றன. வித்தியாசம் இரண்டரை மில்லிமீட்டர்கூட இல்லை. 'கொஞ்சம் இறுக்கிப் பிடித்தால் உட்கார்ந்துவிடும்' என்பார்கள். உட்காரவும் செய்யும். ஆனால் ஸ்டட்டுகள் ஒரு பக்கமாக இழுபட்டு நிற்கும். நட்டும் துளையின் சரிவில் முழுமையாகப் படியாது. லோடு ஏற்றிக் குண்டும் குழியுமான பாதையில் ஓடினால் நட்டு தளரும். நாளடைவில் ஸ்டட் முறியும். ஆகவே பி.சி.டி.யில் ஒரு மில்லிமீட்டர்கூட விட்டுக்கொடுக்க வேண்டாம்.

2. நடுத்துளை

டிஸ்க்கின் நடுவில் உள்ள பெரிய துளை, வண்டியின் ஹப் மீது இறுக்கமாகப் பொருந்த வேண்டும். பெரும்பாலான வண்டிகளில் சக்கரத்தை நடுவில் நிறுத்துவது இந்தத் துளைதான். துளை சிறியதாக இருந்தால் டிஸ்க் உள்ளே போகாது. அதைக் கிரைண்டர் வைத்துப் பெரிதாக்கக் கூடாது. வட்டம் கோணலாகி, சக்கரம் ஆடும். துளை பெரிதாக இருந்தால் இடைவெளியை நிரப்பச் சரியான அளவு வளையம் கிடைக்கிறது. அதைக் கேட்டு வாங்கிப் போடுங்கள். இல்லையென்றால் 50, 60 கி.மீ. வேகத்தில் ஸ்டியரிங் உதறத் தொடங்கும்.

3. உள்வாங்கலும் வெளித்தள்ளலும்

பலரும் கவனிக்காமல் விடுவது இது. டிஸ்க் ஹப்பில் ஒட்டும் முகம், ரிம்மின் நடுக்கோட்டிலிருந்து எவ்வளவு தள்ளி இருக்கிறது என்பதை 'ஆஃப்செட்' என்கிறார்கள். டிஸ்க்கின் உட்பக்கத்தில் 'இ.டி.' என்ற எழுத்துகளுடன் ஓர் எண் அச்சாகியிருந்தால் அதுதான் இந்த அளவு, மில்லிமீட்டரில்.

எண் தெரியவில்லையா? பழைய டிஸ்க்கை உட்பக்கம் மேலே இருக்கும்படி தரையில் வையுங்கள். ரிம் விளிம்பின் குறுக்கே நேரான குச்சி ஒன்றை வைத்து, குச்சியிலிருந்து ஹப்பில் ஒட்டும் முகம் வரை எவ்வளவு ஆழம் என்று அளந்துகொள்ளுங்கள். புதிய டிஸ்க்கையும் அதேபோல் அளக்கவும். ரிம் அகலம் ஒன்றாக இருந்து, ஆழம் குறைவாக இருந்தால் சக்கரம் வெளியே தள்ளும். அதிகமாக இருந்தால் உள்ளே போகும்.

வெளியே தள்ளினால் வீல் பேரிங்கின் மேல் சுமை கூடும். அது சீக்கிரம் தேயும். லோடு ஏறி வண்டி அமுங்கும்போது டயர் மட்கார்டில் உரசும். உள்ளே போனால் பட்டை, ஷாக் அப்சார்பர், பிரேக் குழாய் இவற்றில் ஏதாவதொன்றில் இடிக்கும். 'அகல ரிம் போட்டால் வண்டி பார்க்க அழகு' என்று நினைப்பவர்களுக்கும் இதே எச்சரிக்கை. ஆஃப்செட் மாறாமல் ரிம் மட்டும் ஓர் இஞ்ச் அகலமானால், உள்ளும் புறமும் அரை இஞ்ச் வீதம் நீளும்.

4. நட்டும் மரையும்

நட்டின் அடிப்பகுதி கூம்பாக இருக்கும், உருண்டையாக இருக்கும், தட்டையாகவும் இருக்கும். டிஸ்க்கின் துளைச் சரிவும் அதே வடிவில் இருக்க வேண்டும். இரும்பு டிஸ்க்கிலிருந்து அலாய் வீலுக்கு மாறுகிறவர்கள், பழைய நட்டையே போடலாமா என்று கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டும். அலாய் வீல் தடிமன் அதிகம். நட்டு சில மரைகளை மட்டுமே பிடித்து நிற்கக்கூடும். ஸ்டட்டின் குறுக்களவு எவ்வளவோ, குறைந்தது அந்த நீளத்துக்காவது நட்டு மரையில் ஏறியிருக்க வேண்டும். 12 மி.மீ. ஸ்டட், 1.25 மி.மீ. மரை என்றால், கையால் சுற்றும்போது கிட்டத்தட்ட பத்துச் சுற்று ஏற வேண்டும்.

மரை இடைவெளியும் வண்டிக்கு வண்டி மாறும். மாருதி சுசூகி வண்டிகளில் 1.25 மி.மீ., டொயோட்டா வண்டிகளில் 1.5 மி.மீ. ஒன்றின் நட்டை மற்றொன்றில் ஸ்பேனர் போட்டுத் திருகினால் மரை அறுந்துவிடும். எந்த நட்டையும் முதலில் விரலால் சுற்றுங்கள். தடையின்றி ஏறினால்தான் அது உங்கள் வண்டியின் நட்டு.

5. சுமை தாங்கும் எண்

விவசாயிகள் ஒருபோதும் விடக்கூடாத இடம் இது. ஓர் உதாரணம் பாருங்கள். மாருதி 800 காரின் டயர் 145/70 ஆர் 12. ஆம்னியின் டயர் 145 ஆர் 12 எல்.டி. இரண்டிலும் 145 இருக்கிறது, 12 இருக்கிறது. 'ரெண்டும் ஒண்ணுதான்' என்று சொல்லி 800 காரின் சக்கரத்தை டயரோடு சேர்த்து விற்பவர்கள் உண்டு.

ஒன்றல்ல. 800 கார் டயரின் பக்கவாட்டில் 69 என்ற சுமைக் குறியீடு இருக்கும். அதன் பொருள், அந்த டயர் 325 கிலோ தாங்கும். சரக்கு வண்டிக்கான எட்டு பி.ஆர். டயரில் 86 என்று இருந்தால் 530 கிலோ தாங்கும். இடையில் 80 என்றால் 450 கிலோ.

கணக்குப் போடுவோம். 25 கிலோ தக்காளிப் பெட்டி 20 ஏற்றினால் 500 கிலோ. ஆள் இருவர் 130 கிலோ. வண்டியின் வெற்று எடை சுமார் 780 கிலோ என்று வைத்துக்கொண்டால் மொத்தம் 1,410 கிலோ. 69 குறியீடு உள்ள நான்கு டயர்களும் சேர்ந்து தாங்கக்கூடியது 1,300 கிலோ மட்டுமே. அதுவும் எடை நான்கு சக்கரத்திலும் சமமாக விழுந்தால்தான். பெட்டிகள் பின்பக்கம் இருப்பதால் பின் சக்கரங்களின் கதி இன்னும் மோசம். வெயில் நேரத்தில் சூடேறி டயர் வெடிப்பது இப்படித்தான்.

உயரத்திலும் வித்தியாசம் உண்டு. 145/70 டயரின் மொத்த உயரம் சுமார் 508 மி.மீ. எல்.டி. டயர் அதைவிட ஏறக்குறைய 35 மி.மீ. உயரம். குட்டை டயர் போட்டால் வண்டி தாழும். வரப்பு, வாய்க்கால் மேட்டில் அடி தட்டும். ஆம்னி, ஈக்கோ போன்றவை பின் சக்கரத்தால் ஓடும் வண்டிகள். பின்பக்கம் இடது ஓர் உயரம், வலது வேறு உயரம் என்று போட்டால் டிஃபரன்ஷியல் ஓயாமல் வேலை செய்து தேயும். ஒரே அச்சில் இரண்டு பக்கமும் ஒரே அளவு டயர்தான் இருக்க வேண்டும். ஸ்டெப்னிக்கும் இது பொருந்தும்.

டிஸ்க்குக்கும் தாங்கும் எடை உண்டு. டயர் மட்டும் எட்டு பி.ஆர். போட்டு, டிஸ்க் கார் டிஸ்க்காக இருந்தால் பயனில்லை. அதேபோல், பலமான டயர் போட்டதால் கூடுதல் லோடு ஏற்றலாம் என்றும் பொருளில்லை. ஆர்.சி. புத்தகத்தில் உள்ள மொத்த எடைதான் எல்லை.

6. டியூப் ரிம்மா, டியூப்லெஸ் ரிம்மா?

டியூப் இல்லாத டயர் உட்காரும் ரிம்மின் உட்புறத்தில், டயர் விளிம்பு நழுவாமல் இருக்க ஒரு மேடு இருக்கும். விரலால் தடவினாலே தெரியும். பழைய டியூப் ரிம்மில் அந்த மேடு இருக்காது. அதில் டியூப்லெஸ் டயரை மாட்டினால், காற்றுக் குறைந்த நேரத்தில் வளைவில் திரும்பும்போது டயர் ரிம்மை விட்டு நழுவக்கூடும்.

பழைய டிஸ்க் வாங்கும்போது

பெயின்ட் புதிதாக அடித்திருந்தால் ஏமாற வேண்டாம். உட்பக்கத்தைப் பாருங்கள். துளைகளைச் சுற்றி மயிரிழை போல வெடிப்பு இருக்கிறதா, துளை நீள்வட்டமாகிவிட்டதா, வெல்டிங் வைத்த தழும்பு இருக்கிறதா என்று பாருங்கள். மூன்றில் ஒன்று இருந்தாலும் வாங்க வேண்டாம். ஹப்பில் மாட்டிச் சுழற்றி, ரிம் விளிம்பின் அருகே ஒரு குச்சியை அசையாமல் பிடியுங்கள். இடைவெளி கூடிக் குறைந்தால் டிஸ்க் கோணல்.

உர மூட்டை ஏற்றுபவர்களுக்கு ஒரு குறிப்பு. மியூரியேட் ஆஃப் பொட்டாஷ் உரத்தில் குளோரைடு இருக்கிறது. சிந்திய உரம் ஈரத்தோடு சேர்ந்து ரிம்மை வேகமாக அரிக்கும். உரம் ஏற்றிய அன்றே சக்கரங்களைத் தண்ணீர் விட்டுக் கழுவிவிடுங்கள்.

மண் பாதைக்கு இரும்பு டிஸ்க்கே ஏற்றது. கல்லில் அடிபட்டால் இரும்பு வளையும், அலாய் வெடித்துவிடக்கூடும். வளைந்த சக்கரம் உதறிக் காட்டிக்கொடுக்கும். வெடிப்பு சில நேரம் காட்டிக்கொடுக்காது.

டயர் வாங்கும்போது ஐ.எஸ்.ஐ. முத்திரையையும், பக்கவாட்டில் உள்ள நான்கு இலக்க எண்ணையும் பாருங்கள். 2324 என்றால் 2024-ம் ஆண்டின் 23-வது வாரத்தில் தயாரானது.

மாட்டிய பிறகு

ஹப் முகத்தில் உள்ள துருவையும் மண்ணையும் கம்பி பிரஷ்ஷால் தேய்த்து எடுத்துவிட்டு மாட்டுங்கள். நட்டுகளை வரிசையாக இறுக்காமல், எதிரெதிராக, இரண்டு மூன்று சுற்றில் இறுக்குங்கள். இறுக்கும் அளவு வண்டியின் கையேட்டில் இருக்கும். ஸ்பேனர் மேல் ஏறி நின்று மிதிப்பது ஸ்டட்டை இழுத்துவிடும். மரையில் எண்ணெய், கிரீஸ் தடவ வேண்டாம். லோடு ஏற்றும் முன் சக்கரத்தைக் கையால் சுழற்றி, எங்கும் உரசவில்லை என்று பாருங்கள். ஸ்டியரிங்கை இரு பக்கமும் முழுக்கத் திருப்பியும் பாருங்கள். 50 முதல் 100 கி.மீ. ஓடியதும் நட்டுகளை மறுபடி ஒரு முறை இறுக்குவது கட்டாயம்.

கம்பெனி அளவை மாற்றிப் போடுவது சட்டத்திலும் சிக்கல். மோட்டார் வாகனச் சட்டத்தின் 52-வது பிரிவு, தயாரிப்பாளர் கொடுத்த விவரத்துக்கு மாறாக வண்டியை மாற்றியமைப்பதைக் கட்டுப்படுத்துகிறது.

சட்டைப் பையில் ஒரு சீட்டு

இன்றே உங்கள் வேனின் ஒரு சக்கரத்தைக் கழற்றி, இந்த எட்டு விவரங்களை ஒரு சீட்டில் எழுதி வைத்துக்கொள்ளுங்கள்: துளை எண்ணிக்கை, பி.சி.டி., நடுத்துளை அளவு, ரிம் விட்டமும் அகலமும், ஆஃப்செட் அல்லது உட்பக்க ஆழம், நட்டின் வடிவமும் மரையும், டயர் அளவு, சுமைக் குறியீடு. முதலில் வண்டியின் கையேட்டோடும், ஓட்டுநர் கதவுப் பக்கம் டயர் அளவு ஸ்டிக்கர் ஒட்டியிருந்தால் அதனோடும் ஒப்பிட்டுக்கொள்ளுங்கள். ஏற்கெனவே யாரோ தவறான சக்கரத்தை மாட்டியிருக்கவும் கூடும்.

விதை வாங்கும்போது ரகம், முளைப்புத்திறன், காலாவதி தேதி என்று மூட்டையைத் திருப்பித் திருப்பிப் பார்க்கிறோம். விளைந்ததைச் சந்தைக்குக் கொண்டுபோகும் சக்கரத்தையும் அப்படிப் பாருங்கள். கடைக்காரர் 'சரியாக உட்காரும்' என்று சொன்னால், சீட்டை எடுத்து நீட்டி, 'இந்த எட்டும் ஒத்துவருகிறதா?' என்று கேளுங்கள். எட்டும் ஒத்துவந்தால் வாங்குங்கள். ஏழுதான் ஒத்துவருகிறது என்றால் அடுத்த கடைக்குப் போங்கள்.