மலையிலே காளான், கடலிலே பேத்தை

பொதிகை மலையில் பிறக்கும் தாமிரபர்ணி, திருநெல்வேலிச் சீமையின் வயல்களை எல்லாம் நனைத்துவிட்டுப் புன்னக்காயலில் கடலோடு கலக்கிறது. அந்தக் கரையில் வலையை உதறும்போது சில சமயம் பேத்தை மீனும் வந்து விழும். தொட்டால் வயிற்றை ஊதிக்கொண்டு உருண்டையாகிவிடும். அதன் ஈரலிலும் சினையிலும் உள்ள விஷம் எவ்வளவு கொதிக்க வைத்தாலும் போகாது. கடலோடு பழகியவர்கள் அதைக் காசு போட்டுச் சோதிப்பதில்லை. உருவத்தைப் பார்த்தே, "இது பேத்தை" என்று சொல்லிவிடுகிறார்கள்.

இதே ஆற்றின் மேற்கே, இடியும் மழையும் வந்த மறுநாள், புற்றைச் சுற்றி வெண்குடைகள் முளைக்கின்றன. ருசியில் மாமிசத்துக்கு ஈடென்று சொல்லப்படும் புற்றுக்காளான் இது. ஆனால் காளான் விஷயத்தில் மட்டும் நாம் கடற்கரையாரின் விவேகத்தைக் கைவிட்டு, அடுப்படிச் சோதனைகளை நம்புகிறோம்.

பலிக்காத சோதனைகள்

குழம்பில் வெள்ளிக் கரண்டியை இட்டால் விஷம் அதைக் கறுக்கச் செய்யும் என்பார்கள். வெள்ளியைக் கறுக்கச் செய்வது கந்தகம். அவித்த முட்டையும் அதைச் செய்யும். கொடிய காளானின் விஷமோ கரண்டியை ஒன்றும் செய்யாது. பூச்சி அரித்தது நல்லது என்பது மற்றொரு கொள்கை. மனிதனைக் கொல்லும் காளானை நத்தை சுகமாகத் தின்று ஜீவிக்கிறது! நன்றாக வேகவைத்தால் போதும் என்பது மூன்றாவது பிரமை. அமானிட்டா இனத்துக் கொடிய காளான்களின் நஞ்சு தீயில் அழிவதில்லை.

அடையாளம் எது?

சென்னைச் சர்வகலாசாலையைச் சேர்ந்த நடராஜன் 1979-இல் விவரித்துப் பெயரிட்ட வகை உட்பட, புற்றுக்காளான்கள் கறையான்கள் பூமிக்குள் வளர்க்கும் பூஞ்சைத் தோட்டத்திலிருந்து எழுபவை. ஆகவே காம்பு மண்ணுக்குள் வேர்போல் நீண்டு இறங்கும். காளானை ஒடிக்காமல் அடியோடு தோண்டி எடுத்துப் பார்க்கவேண்டும். அடியில் பை அல்லது கிண்ணம் போன்ற உறை இருந்தால் அது அமானிட்டாவாக இருக்கலாம், தொடவேண்டாம்.

புல்தரையில் முளைக்கும் மற்றொரு வெண்குடையும் பலரை ஏமாற்றுகிறது. அதன் காம்பில் வளையம் இருக்கும். விரிந்த குடையை வெள்ளைத் தாளில் கவிழ்த்து, மேலே தம்ளரால் மூடி, ஓர் இரவு வையுங்கள். காலையில் தாளில் பச்சைத் தூள் படிந்திருந்தால், தின்ற சில மணி நேரத்தில் கடும் வாந்தியும் பேதியும் உண்டாக்கும் காளான் அது. புற்றுக்காளானின் தூள் இளஞ்சிவப்புச் சாயலுள்ளது. ஆனால் பச்சை இல்லை என்பதாலேயே ஒரு காளான் நல்லதாகிவிடாது. அமானிட்டாவின் தூள் வெள்ளை! இடம், வேர், காம்பு, தூள் எல்லாம் ஒத்து, பல வருஷம் பறித்துப் பழகிய மலைவாசி ஒருவரும் நேரில் பார்த்து ஆமோதித்தாலன்றிச் சட்டியில் போடலாகாது.

காலம் தாழ்த்தும் நஞ்சு

1922 அல்ல, 2022 ஏப்ரல் மாதத்திலேதான் அஸ்ஸாமில் காட்டுக் காளான் தின்று 13 பேர் மாண்டார்கள். பெரும்பாலோர் தேயிலைத் தோட்டக் குடும்பத்தினர். கொடிய வகையின் சூழ்ச்சி இதுதான்: தின்று 6 முதல் 12 மணி நேரம் வரை ஒன்றும் தெரியாது. பிறகு வாந்தி, பேதி. அடுத்து ஒரு நாள் குணமானது போல் தோன்றும். அந்த நேரத்திலேயே ஈரல் அழிந்துகொண்டிருக்கும். ஆகையால் வாந்தி நின்றுவிட்டதென்று வீட்டில் இருந்துவிடாமல், மிச்சமுள்ள காளானையும் எடுத்துக்கொண்டு உடனே ஆஸ்பத்திரிக்குச் செல்லவேண்டும்.

காளான் ஆசையை விடமுடியாதவர்களுக்குக் கோயமுத்தூர் வேளாண்மைப் பல்கலைக்கழகம் 1998-இல் வெளியிட்ட பால்காளான் இருக்கிறது. வைக்கோலில் வீட்டிலேயே வளர்க்கலாம். காட்டில் கண்ட குடையின் பெயர் தெரியாவிட்டால், குழந்தைகளுக்குக் காட்டி மகிழ்ந்து அங்கேயே விட்டுவிட்டு வாருங்கள்.