விசாரணைக்கும் கணக்குக் கேட்கும் நீதிமன்றம்



நம் பேரேட்டை வரி அதிகாரி கேட்கிறார். நம் தராசை முத்திரை ஆய்வாளர் சோதிக்கிறார். காவல் துறை எழுதும் கணக்கை, அதாவது வழக்கு விசாரணையை, யார் சரிபார்ப்பது? அந்தப் பொறுப்பு நீதிமன்றத்தினுடையது. அரிமளம் கடைத்தெருவில் மளிகைக் கடை நடத்துகிறவருக்கு இது எங்கோ நடக்கும் சங்கதியாகத் தோன்றலாம். சாத்தான்குளத்தில் செல்போன் கடை நடத்திய ஜெயராஜ், அவர் மகன் பென்னிக்ஸ் ஆகியோருக்கும் 2020 ஜூன் 19 வரை அப்படித்தான் இருந்திருக்கும்.

ஊரடங்குக் காலத்தில் கடையை நேரத்துக்கு மூடவில்லை என்று சொல்லி அன்றிரவு இருவரையும் காவல் நிலையத்தில் வைத்தனர். மறுநாள் மாஜிஸ்திரேட்டின் ரிமாண்ட் உத்தரவுடன் கோவில்பட்டி கிளைச் சிறைக்கு அனுப்பினர். ஜூன் 22 இரவு மகனும், விடிவதற்குள் தந்தையும் உயிரிழந்தனர். அவர்கள் தரையில் உருண்டதால் உள்காயம் ஏற்பட்டதாக முதல் தகவல் அறிக்கை கூறியது. கடைப் பகுதியில் பதிவாகியிருந்த கேமரா காட்சிகளோ வேறு கதை சொல்லின. தமிழகமெங்கும் வணிகர்கள் கடையடைத்துத் துயரத்தைத் தெரிவித்தோம்.

இந்த இடத்தில்தான் சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை தலையிட்டது. நமது புதுக்கோட்டை மாவட்டமும் இந்தக் கிளையின் எல்லைக்குள்தான் வருகிறது. நீதிபதிகள் பி.என்.பிரகாஷ், பி.புகழேந்தி அமர்வு, யாரும் மனுப் போடக் காத்திராமல் தானாகவே வழக்கை எடுத்துக்கொண்டது. கோவில்பட்டி மாஜிஸ்திரேட் எம்.எஸ்.பாரதிதாசன் நேரில் விசாரிக்கச் சென்றபோது அங்கிருந்த போலீசார் ஒத்துழைக்கவில்லை, அவமதிப்பாகவும் நடந்தனர். காவல் நிலையக் கேமராப் பதிவுகள் தினமும் தானாக அழியும்படி அமைக்கப்பட்டிருந்ததை அவர் கண்டறிந்தார். ஆயினும் ஒரு பெண் தலைமைக் காவலர் அச்சத்தை மீறி, தாம் கண்டதை வாக்குமூலமாகத் தந்தார்.

தடயங்கள் காணாமல் போகாதிருக்க, அந்தக் காவல் நிலையத்தை வருவாய்த் துறையின் கட்டுப்பாட்டில் கொண்டுவர நீதிமன்றம் உத்தரவிட்டது. சி.பி.ஐ. வந்து சேரும்வரை ஒரு நொடியும் வீணாகக் கூடாது என்று சி.பி.சி.ஐ.டி.யிடம் விசாரணையை ஒப்படைத்தது. அடுத்த சில நாட்களில் கைதுகள் நடந்தன. பின்னர் பொறுப்பேற்ற சி.பி.ஐ., 2020 செப்டம்பரில் 9 போலீசார் மீது குற்றப்பத்திரிகை தாக்கல் செய்தது.

இதில் இன்னொரு பாடமும் உண்டு. ரிமாண்ட் செய்யும்போதே இருவரின் காயங்களையும் முறையாகப் பார்த்திருந்தால் இரண்டு உயிர்கள் பிழைத்திருக்கலாம் என்ற கேள்வி அப்போது பலமாக எழுந்தது. மேல் நீதிமன்றம் விழித்திருந்தால் மட்டும் போதாது. முதல் வாசற்படியிலேயே காவல் வேண்டும்.

காவல் துறை நமக்குப் பகை அல்ல. கடையில் பூட்டு உடைந்தால் முதலில் ஓடுவது அங்கேதான். ஆகவே நமக்குள்ள வழிகளை நாம் தெரிந்து வைத்திருப்பது நல்லது.

கைது செய்யத்தக்க குற்றம் பற்றிப் புகார் தந்தால் வழக்குப் பதிவது கட்டாயம் என்று 2013-ல் லலிதா குமாரி வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியது. பதிய மறுத்தால் மாவட்டக் காவல் கண்காணிப்பாளருக்குத் தபாலில் புகார் அனுப்பலாம். அதற்கும் பயனில்லை என்றால், 2024 ஜூலை 1 முதல் அமலில் உள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 175(3) பிரிவின்படி, பிரமாணப் பத்திரத்துடன் மாஜிஸ்திரேட்டிடம் மனுச் செய்யலாம். விசாரணை முறையாக நடக்கிறதா என்று கவனிக்கும் அதிகாரமும் மாஜிஸ்திரேட்டுக்கு உண்டு என்று சகிரி வாசு வழக்கின் தீர்ப்பு சொல்கிறது. திருட்டு வழக்கை முடித்துக் கோப்பைக் கட்ட நினைத்தாலும், புகார் தந்தவருக்கு அறிவிப்புக் கொடுத்து அவர் ஆட்சேபத்தைக் கேட்ட பிறகே மாஜிஸ்திரேட் அதை ஏற்க முடியும்.

கைது என்றால், டி.கே.பாசு வழக்கில் 1996-ல் உச்ச நீதிமன்றம் வகுத்த நெறிகள் உண்டு. கைதுக் குறிப்பில் சாட்சியின் கையெழுத்து வேண்டும். உறவினருக்குத் தகவல் தர வேண்டும். மருத்துவப் பரிசோதனை வேண்டும். 24 மணி நேரத்துக்குள் மாஜிஸ்திரேட் முன் நிறுத்துவது அரசியல் சாசனக் கட்டளை. அவர் முன் நிற்கும்போது, உடம்பில் காயம் இருந்தால் வாய்விட்டுச் சொல்ல வேண்டும்.

கடையில் கேமரா வைத்திருப்போர், ஏதேனும் சச்சரவு நடந்தால் அன்றைய பதிவை அன்றே தனியே எடுத்து வைக்க வேண்டும். புகாரின் நகலையும் ரசீதையும் கொள்முதல் பில்லைப் போலப் பத்திரப்படுத்த வேண்டும். ஒருவர் கடை வாசலில் பிரச்சினை என்றால் பக்கத்துக் கடைக்காரர் ஷட்டரை இறக்கிவிட்டுப் போகக் கூடாது. சங்கத்துக்கும் வழக்கறிஞருக்கும் உடனே தகவல் சொல்ல வேண்டும். எழுதாத கணக்கு எவருக்கும் உதவாது. சொல்லாத சாட்சியும் அப்படியே.