ஊமைப்படத்தில் வித்தையும் அற்புதமும்

கண்கட்டு வித்தை என்னும் தொடர், காண்போரின் கண்ணே கட்டுண்டது என்னும் கருத்தினது. உண்மையில் மறைவது யாது என்பதை ஈண்டு ஆராய்வோம்.

செப்பிடு வித்தையில் மறைப்பது கை. மேடை வித்தையில் மறைப்பது இடம். நாற்காலியில் அமர்ந்த பெண், துணியால் மூடப்பெற்றதும், தரையிலுள்ள கள்ளக் கதவின் வழியே கீழிறங்குவாள். கதவில்லை எனக் காட்டவே தரையில் செய்தித்தாளை விரிப்பர். பாரிசில் வித்தையரங்கு நடத்திய ஜார்ஜ் மெலியே 1896இல் இதனைப் படமாக்கினார். கருவியை நிறுத்திப் பெண்ணை அகற்றி, மீண்டும் இயக்கினார். இங்கு மறைப்பது காலம். கதவு வேண்டாதொழிந்தும், செய்தித்தாளை அவர் விரித்தமை நோக்கத்தக்கது. பழைய அரங்கின் மரபைப் புதிய கலை உடனே கைவிடவில்லை.

நம் நாட்டில் 1913இல் 'ராஜா அரிச்சந்திரா' படத்தை வெளியிட்ட பால்கேயும் வித்தை பயின்றவரே. தம் பெயரைத் தலைகீழாக்கிக் 'கேல்பா' என்னும் பெயரோடு மேடையேறியவர். ஆயின் அவருடைய புராணப் படங்களில் வித்தைக்காரன் இல்லை, தெய்வமே தோன்றும். 1917இல் வெளிவந்த 'இலங்கா தகனம்' படத்தில் இராமனைக் கண்டோர் திரைமுன் வீழ்ந்து வணங்கினர் என்பர்.

கதவைத் தேடிக் காணலாம். வெட்டுண்ட காலத்திற்குத் தடயம் இல்லை. எனினும், வித்தையையும் அற்புதத்தையும் வேறுபடுத்துவது உத்தியன்று, கதையே என்பது இதனாற் பெறப்படும். செய்வோன் கண்முன் நிற்பின் அது வித்தை. கதையுள் மறையின் அற்புதம். புராணப் படங்களை ஆராய்வார் இதனை மனங்கொள்ளல் வேண்டும்.