கம்பம்மெட்டும் உலக எல்லைகளும்

உலகப் படத்தில் நாடுகளைப் பிரிக்கும் கோடுகள் பள்ளிப் பருவம் முதலே நமக்குப் பழக்கமானவை. எந்த நாட்டுக்கு எது தலைநகர், எந்த ஆறு எங்கே கடலில் கலக்கிறது என்று கேட்டால் தயங்காமல் விடை சொல்லி விடுவோம். ஆனால், "அந்தக் கோடு அங்கே ஏன் ஓடுகிறது? சற்றுத் தள்ளி ஓடியிருக்கக் கூடாதா?" என்று ஒருவர் கேட்டால் நம்மிற் பலர் விழிப்போம். வரலாறும் நிலநூலும் கைகோத்து நிற்கும் இடம் அந்தக் கேள்விதான். அதற்கு விடை தேடக் கப்பலேற வேண்டியதில்லை. தேனி மாவட்டத்துக் கம்பத்திலிருந்து மலைப்பாதையில் மேலேறினால் போதும்.

மேலே இருப்பது கம்பம்மெட்டு. கேரளத்து இடுக்கி மாவட்டத்தைச் சேர்ந்த சிற்றூர். கம்பத்திலிருந்து ஏறும் பாதை மலை முகட்டைத் தொடும் இடமாதலால் அப்பெயர் பெற்றது. போடியிலிருந்து ஏறினால் போடிமெட்டு. கம்பத்திலிருந்து ஏறினால் கம்பம்மெட்டு. ஊர் இருப்பது ஒரு மாநிலம். அதன் பெயரில் இருப்பதோ அடுத்த மாநிலத்து நகரம்! கோடு பிரித்ததைப் பெயர் சேர்த்தே வைத்திருக்கிறது.

மழைத்துளி காட்டும் எல்லை

அந்த முகட்டில் பெய்யும் மழையை எண்ணிப் பாருங்கள். மேற்குச் சரிவில் விழும் துளி ஓடைகளில் இறங்கிப் பெரியாற்றைச் சேர்ந்து அரபிக் கடலுக்குப் போகிறது. சில அடி தள்ளிக் கிழக்குச் சரிவில் விழுந்த துளி கம்பம் பள்ளத்தாக்கில் இறங்கி, சுருளியாறு வழியே வைகையில் கலந்து, இராமநாதபுரச் சீமையை நோக்கி ஓடுகிறது. நீரை இவ்வாறு இரண்டாகப் பிரிக்கும் முகட்டை நீர்பிரி முகடு எனலாம். மலை நாடுகளில் எல்லை வகுப்போர் பெரிதும் விரும்பிய விதி இது. முன்னாளில் திருவிதாங்கூர் அரசையும் சென்னை மாகாணத்தையும் பிரித்த எல்லையும் இங்கே இம்மலையை ஒட்டியே சென்றது. இன்றைய மாநில எல்லை அதன் வழித்தோன்றல். இமயத்தில் 1914-இல் மக்மகான் கோடு வகுத்தபோதும் பெரும்பாலும் இவ்விதியே கொள்ளப்பட்டது.

விதி எளிது, நிலம் அவ்வளவு எளிதன்று. தென் அமெரிக்காவில் சிலியும் அர்ஜென்டினாவும் 1881-இல் ஓர் உடன்படிக்கை செய்துகொண்டன. ஆண்டீசு மலையில் நீரைப் பிரிக்கும் மிக உயர்ந்த சிகரங்களின் வழியே எல்லை செல்லும் என்று எழுதினார்கள். எழுதியபோது ஐயமெழவில்லை. தெற்கே படகோனியாவில் அளந்து பார்த்தபோதுதான் உயர்ந்த சிகரங்கள் ஓரிடத்திலும், நீரைப் பிரிக்கும் முகடு வேறோரிடத்திலும் இருப்பது தெரிந்தது. ஒரு நாடு சிகரத்தைக் காட்டிற்று. மறு நாடு நீரைக் காட்டிற்று. போர் மூளும் நிலை வரை சென்ற அவ்வழக்கு இங்கிலாந்து மன்னர் ஏழாம் எட்வர்டிடம் வந்து, 1902-இல் தீர்ந்தது. மன்னருக்காக நேரில் சென்று நிலத்தைப் பார்த்தவர் தாமசு ஓல்டிச். அவர் நம் நாட்டின் வடமேற்கு எல்லைகளில் நில அளவைப் பணி புரிந்தவர் என்பது நாம் நினைவில் வைக்கத்தக்க செய்தி.

மலை அசையாது என்று நம்புகிறோம். அதன் மேலுள்ள பனி அசைகிறது. ஆல்ப்சு மலையில் மேட்டர்ஹார்ன் சிகரத்தருகே இத்தாலிக்கும் சுவிட்சர்லாந்துக்கும் இடையே எல்லையின் ஒரு பகுதி பனியாற்றின் முகட்டைத் தொட்டுச் சென்றது. புவி வெப்பமடைந்து பனி உருகவே முகடு இடம் மாறியது. 2023-இல் இரு நாடுகளும் எல்லையைத் திருத்திக்கொள்ள இசைந்தன.

ஒரு சொல் காத்த ஊர்

சில இடங்களில் எல்லையைத் தீர்மானித்தது மலையுமன்று, ஆறுமன்று, ஒரு சொல். பிரான்சும் ஸ்பெயினும் 1659-இல் பிரனீசு மலையை எல்லையாகக் கொண்டு உடன்படிக்கை செய்தன. அடுத்த ஆண்டு, மலைப் பள்ளத்தாக்கொன்றிலிருந்து 33 சிற்றூர்களைப் பிரான்சுக்குக் கொடுப்பதென முடிவாயிற்று. லிவியா என்னும் ஊர் மட்டும் தான் சிற்றூர் அன்று, நகரம் என்ற பட்டம் பெற்றது என்று காட்டித் தப்பியது. அதனால் இன்றும் லிவியா, நாற்புறமும் பிரான்சு சூழ, ஸ்பெயினுக்குச் சொந்தமாக இருக்கிறது. அதே உடன்படிக்கை கையெழுத்தான, பிதாசோவா ஆற்றின் நடுவிலுள்ள சிறு தீவையோ இரு நாடுகளும் முறை வைத்து ஆளுகின்றன. ஆண்டில் ஆறு மாதம் ஸ்பெயின், ஆறு மாதம் பிரான்சு!

கோட்டைக் கடந்த நீர்

மீண்டும் நம் மலைக்கு வருவோம். இயற்கை மேற்கே அனுப்பிய நீரை மனிதன் கிழக்கே திருப்பிய அருஞ்செயல் இம்மலைத் தொடரிலேதான் நடந்தது. மதுரைச் சீமை வறட்சியில் வாட, மலைக்கு அப்பால் பெரியாறு பெருகி வீணே கடலில் கலப்பதைக் கண்டவர்கள் பல்லாண்டு திட்டமிட்டார்கள். திருவிதாங்கூர் மன்னருக்கும் ஆங்கில அரசுக்கும் 1886 அக்டோபர் 29-இல் ஒப்பந்தம் ஏற்பட்டது. ஏறத்தாழ 8,000 ஏக்கர் நிலம் 999 ஆண்டுக் குத்தகை; ஏக்கருக்கு ஆண்டு வாடகை 5 ரூபாய். பென்னிகுயிக் என்னும் பொறியாளர் தலைமையில் அணை எழுந்து 1895-இல் திறக்கப்பட்டது. தேங்கிய நீர், மலையைக் குடைந்த சுரங்கத்தின் வழியே கிழக்கே பாய்ந்து வைகையைச் சேர்ந்தது. கம்பம் பள்ளத்தாக்கின் நெல்வயல்கள் அந்த நீருக்குக் கடன்பட்டவை. அரபிக் கடலுக்கென்று பிறந்த நீர் இன்று கிழக்கேயும் ஓடுகிறது.

1970-இல் ஒப்பந்தம் திருத்தப்பட்டு வாடகை ஏக்கருக்கு 30 ரூபாய் ஆயிற்று. நீரிலிருந்து மின்சாரம் எடுக்கும் உரிமையும் தமிழகத்துக்கு எழுத்தில் கிடைத்தது. பின்னர் அணையின் வலிமை பற்றிய அச்சமும் நீரின் தேவையும் மோதின. 142 அடி வரை நீரைத் தேக்கலாம் என உச்ச நீதிமன்றம் 2014 மே 7-இல் தீர்ப்பளித்தது.

வடக்கே பாலக்காட்டில் வேறொரு காட்சி. அங்கே மலைத்தொடர் அறுந்து கணவாயாகத் திறந்து கிடக்கிறது; வாளையாற்றில் எல்லை சமவெளியிலேயே குறுக்கிடுகிறது. தமிழகத்து ஆனைமலையில் பிறக்கும் ஆழியாறு மேற்கே ஓடிக் கேரளத்துக்குள் நுழைகிறது. எனவே அங்கும் நீரைப் பங்கிட ஓர் ஒப்பந்தம் தேவைப்பட்டது. 1970-இல் கையெழுத்தான பரம்பிக்குளம் ஆழியாறு ஒப்பந்தம் அதுவே.

மக்களைக் கேட்டார்களா?

நீரைப் பற்றி இவ்வளவு பேசினோம். கோட்டின் இருபுறமும் வாழ்வோரைப் பற்றி என்ன?

1956 நவம்பர் 1-இல் மொழிவழி மாநிலங்கள் அமைந்தன. தோவாளை, அகத்தீசுவரம், கல்குளம், விளவங்கோடு ஆகிய நான்கு வட்டங்களும் செங்கோட்டையின் ஒரு பகுதியும் தமிழகத்தோடு சேர்ந்தன. தமிழ் பேசுவோர் பெருந்தொகையினராக வாழ்ந்த தேவிகுளமும் பீர்மேடும் கேரளத்திலேயே நின்றன. மாநிலச் சீரமைப்புக் குழு 1955-இல் தந்த அறிக்கை அதற்குக் காரணங்கள் கூறியது: அங்குள்ள தமிழரிற் பலர் தோட்டவேலைக்கு வந்தவர்கள், அம்மலையின் வளம் திருவிதாங்கூர்-கொச்சிக்குத் தேவை. காரணம் சரியா, தவறா என்று இரு சாராரும் இன்றும் வாதிடுகின்றனர். கொழுந்து பறித்த கைகளிடம் எவரும் வாக்குச்சீட்டுக் கொடுத்துக் கேட்கவில்லை என்பது மட்டும் உறுதி.

கேட்ட இடங்களும் உலகில் உண்டு. முன்சொன்ன ஆண்டீசு வழக்கில், வேல்சு நாட்டிலிருந்து குடியேறித் தம் தாய்மொழியைப் போற்றி வாழ்ந்த மக்கள் மலையடிவாரப் பள்ளத்தாக்கொன்றில் இருந்தனர். 1902 ஏப்ரல் 30-இல் ஓல்டிச் அவர்களை ஒரு பள்ளிக்கூடத்தில் கூட்டி, எந்த நாட்டில் இருக்க விருப்பம் என்று கேட்டார். அவர்கள் அர்ஜென்டினா என்றார்கள், அவ்வாறே தீர்ப்பாயிற்று. நம் காலத்திலும் ஒரு சான்று உண்டு. இந்தியாவுக்குள் வங்கதேசத்தின் 51 திட்டுகளும், வங்கதேசத்துக்குள் இந்தியாவின் 111 திட்டுகளும் சிதறிக் கிடந்தன. 2015 சூலை 31 நள்ளிரவில் அவை கைமாறின. எந்நாட்டுக் குடிமகனாக இருப்பது என்பதைத் தெரிந்தெடுக்கும் உரிமை அங்கு வாழ்ந்தோருக்கு அளிக்கப்பட்டது.

கம்பம்மெட்டில் கோடு இன்று எவ்வாறு வாழ்கிறது? விடிவதற்கு முன் கம்பம் பள்ளத்தாக்கின் ஊர்களிலிருந்து ஆண்களும் பெண்களும் ஜீப்புகளில் நெருங்கி அமர்ந்து ஏலத்தோட்டங்களுக்கு ஏறுகிறார்கள்; மாலையில் கூலியோடு இறங்குகிறார்கள். கீழேயிருந்து காய்கறி ஏறுகிறது. மேலேயிருந்து ஏலம் இறங்குகிறது. கடைத்தெருவில் தமிழும் மலையாளமும் ஒரே வாக்கியத்தில் கலக்கின்றன. அணைப் பூசல் முற்றிய 2011 டிசம்பரில் எல்லைப் பாதைகள் அடைபட்டன. 2020-இல் கொள்ளைநோய்க் காலத்தில் மீண்டும் அடைபட்டன. இரு முறையும், தோட்டத்தில் ஆளின்றிக் காய் முதிர்ந்தது. வீட்டில் கூலியின்றி அடுப்பு அணைந்தது. வரைபடத்தில் மயிரிழை போன்ற கோடு எவ்வளவு கனமுடையது என்பதை அந்நாட்களில் அம்மக்கள் அறிந்தார்கள்.

நண்பர்களே, அடுத்த முறை உலகப் படத்தை விரிக்கும்போது நாட்டின் பெயரையும் தலைநகரையும் படிப்பதோடு நில்லாதீர்கள். எந்த எல்லையைக் கண்டாலும் மூன்று கேள்வி கேளுங்கள்: இக்கோட்டை வகுத்த விதி எது? இங்குள்ள நீர் அவ்விதிக்குக் கட்டுப்படுகிறதா? இங்கு வாழ்ந்தோரை யாரேனும் கேட்டார்களா? முதற் கேள்வி நிலநூலைத் தரும். இரண்டாவது பொருளியலைத் தரும். மூன்றாவது வரலாற்றைத் தரும். நம்மில் மலைக்கு இப்பாலிருந்து வந்தவர்களும் உண்டு. அப்பாலிருந்து வந்தவர்களும் உண்டு. ஆதலால் இக்கேள்விகளை ஒருவரையொருவர் கேட்டுப் பழக நமக்கு இப்பல்கலைக்கழகத்தைவிட நல்ல இடம் வாய்க்காது.