கடல் கடந்த கலங்கள் - 11: பம்பாய்த் தச்சர்கள்

சூரத்தில் தாப்தி ஆற்றங்கரையில் எழுந்த கப்பல்களைச் சென்ற வாரம் பார்த்தோம். அந்தக் கரையில் தொழில் செய்துவந்த பார்சி தச்சர் ஒருவர், 1736 வாக்கில் சில தொழிலாளர்களையும் கூட்டிக்கொண்டு பம்பாய்த் தீவுக்கு வந்து சேர்ந்தார். அவர் பெயர் லவ்ஜி நுசர்வான்ஜி வாடியா. கிழக்கிந்தியக் கம்பெனியின் கப்பல் தளத்தில் வேலைக்குச் சேர்ந்த அவர், சில ஆண்டுகளிலேயே அதன் தலைமைத் தச்சர் ஆனார். அன்று தொடங்கி 1880-களின் நடுப்பகுதி வரை, ஏறக்குறைய ஒன்றரை நூற்றாண்டு, அந்தப் பதவி வாடியா குடும்பத்திலேயே இருந்தது. ஆளுநர்கள் வந்தார்கள், போனார்கள். கம்பெனி ஆட்சியே முடிந்து மகாராணி ஆட்சி வந்தது. கப்பல் தளத்தில் மட்டும் தந்தைக்குப் பின் மகனும் உறவினருக்குப் பின் உறவினரும் அளவுகோலைக் கையில் வாங்கிக்கொண்டே இருந்தார்கள்.

கம்பெனிக்கு லவ்ஜி ஏன் தேவைப்பட்டார்? மேற்குக் கடற்கரையில் அன்று ஆங்கிரே வழியினரின் மராட்டியக் கடற்படை வலுவாக இருந்தது. அதை எதிர்த்து நிற்கக் கம்பெனி தனக்கென ஒரு சிறு கடற்படை வைத்திருந்தது. சண்டையில் அடிபட்ட கப்பலைச் செப்பனிட சூரத்துக்கு அனுப்ப வேண்டும். சூரத்தோ நவாபின் ஊர். பம்பாய்தான் கம்பெனிக்குச் சொந்தமான தீவு. தென்மேற்குப் பருவக்காற்று சீறும் மாதங்களிலும் கப்பல்கள் அஞ்சாமல் ஒதுங்கி நிற்கக்கூடிய ஆழமான துறைமுகம் அது. அதே காலத்தில் சென்னையில் துறைமுகமே கிடையாது. திறந்த கடலில் கப்பலை நிறுத்தி, அலைமேல் மசூலாப் படகில் சரக்கு இறக்கிக்கொண்டிருந்தார்கள்.

பம்பாய்க்கு இயற்கை கொடுத்த இன்னொரு கொடை கடல் ஏற்றவற்றம். அமாவாசை, பௌர்ணமியை ஒட்டிய நாட்களில் ஏற்றத்துக்கும் வற்றத்துக்கும் இடையே நீர்மட்டம் 4 மீட்டருக்கு மேல் மாறும். இதை நம்பித்தான் 1750-இல் அங்கே கல்லால் ஓர் உலர்துறை கட்டினார்கள். ஆசியாவின் முதல் உலர்துறை அதுதான் என்று சொல்வார்கள். ஏற்றத்தின்போது கப்பல் மிதந்தபடி உள்ளே வரும். வற்றத்தில் நீர் வடிந்ததும் கதவை அடைத்துவிடுவார்கள். மிச்ச நீரை இறைத்துவிட்டால் கப்பலின் அடிவயிறு முழுவதும் தச்சன் கண்முன்னே நிற்கும். கப்பலைக் கரையில் சாய்த்துப் போட்டு ஒவ்வொரு பக்கமாகச் சுரண்டிக்கொண்டிருந்த காலத்தில் இது பெரிய வசதி. அடுத்த பதினைந்து ஆண்டுகளுக்குள் மேலும் இரண்டு துறைகள் அதனுடன் சேர்ந்தன. 1807-இல் தொடங்கிய டங்கன் துறை 1810-இல் முடிந்தது. மிகப் பெரிய போர்க்கப்பல்களுக்கும் அதில் இடம் இருந்தது.

துறை இருந்தால் மட்டும் கப்பல் எழுந்துவிடாது. மரம் வேண்டும். அங்கேதான் மலபார்த் தேக்கு வருகிறது.

ஐரோப்பியர் நம்பியது ஓக் மரத்தை. ஓக்கில் ஒரு குறை உண்டு. அதன் துவர்ப்புச் சத்து, அடித்த இரும்பு ஆணியை நாளடைவில் அரித்துவிடும். ஆணி தளர்ந்தால் பலகை தளரும். தேக்கின் எண்ணெயோ இரும்பைக் காக்கிறது. ஈரத்திலும் வெயிலிலும் தேக்கு அதிகம் சுருங்குவதில்லை, விரிவதில்லை, எளிதில் உளுத்துப்போவதும் இல்லை. பம்பாய்த் தச்சர்கள் பலகைகளை வெறுமனே பக்கம் பக்கமாக வைத்து அடிக்கவில்லை. ஒரு பலகையின் விளிம்பு அடுத்ததன் காடிக்குள் இறுக உட்காரும்படி செதுக்கிப் பொருத்தினார்கள். நீர் புகாத அந்தப் பொருத்து குஜராத், கொங்கணக் கரைகளின் பழைய கைவேலை. கப்பலின் அடிமரமான ஏராவை நேராகக் கிடத்துவது, விலா எலும்பு போன்ற வங்குகளை வளைவு பிசகாமல் நிறுத்துவது, கலப்பத்து அடித்துப் பலகைச் சந்துகளை அடைப்பது என ஒவ்வொன்றுக்கும் தனிக்கை, தனித்தேர்ச்சி. நம் கடற்கரையில் ஓடாவி என்று அழைக்கப்படுவோர் செய்யும் அதே வேலையை அங்கே நூற்றுக்கணக்கானோர் ஒரே மதிலுக்குள் செய்தார்கள்.

தலைமைத் தச்சரின் பிள்ளை என்பதால் யாரும் நேரே மேலே போய் உட்காரவில்லை. லவ்ஜியின் பேரன்கள் பிராம்ஜி மானெக்ஜியும் ஜம்சேட்ஜி பொமன்ஜியும் 1770-களில் மாதம் 12 ரூபாய்க் கூலிக்குச் சாதாரணத் தச்சர்களாக வேலை பார்த்தவர்கள். அந்த ஜம்சேட்ஜிதான் பின்னாளில் பிரிட்டிஷ் அரசுக் கடற்படையே பம்பாயைத் தேடிவரக் காரணமானவர்.

நெப்போலியனுடன் நடந்த நீண்ட போரில் இங்கிலாந்தின் ஓக் மரங்கள் குறைந்துகொண்டே போயின. பெரிய போர்க்கப்பல் ஒன்றுக்கு ஆயிரத்துக்கும் மேற்பட்ட முதிர்ந்த மரங்கள் வேண்டும். கடற்படை அதிகாரிகளின் கண் பம்பாய்ப் பக்கம் திரும்பியது. 1805-இல் சால்செட் என்ற போர்க்கப்பலை ஜம்சேட்ஜி கட்டிக் கொடுத்தார். 1810 ஜூன் 19 அன்று 74 பீரங்கிகள் தாங்கும் மிண்டன் நீரில் இறங்கியது. போர்வரிசையில் நிற்கும் அளவுக்குப் பெரிய கப்பல் பம்பாயில் எழுந்தது அதுவே முதல் முறை. லண்டன் கிரீனிச் அருங்காட்சியகத்தில் உள்ள ஓவியம் ஒன்றில் வெள்ளை அங்கி அணிந்த ஜம்சேட்ஜி மிண்டனின் வரைபடத்தோடு இருக்கிறார். கம்பெனி பரிசளித்த வெள்ளி அளவுகோல் அவர் இடுப்புக் கச்சையில் செருகியிருக்கிறது.

வெள்ளி அளவுகோல் கிடைத்ததே தவிர சம மதிப்பு கிடைக்கவில்லை. தேம்ஸ் நதிக்கரைக் கப்பல் கட்டுநர்கள், இந்தியாவில் கட்டிய கப்பல்கள் லண்டனுக்குள் வருவதையே எதிர்த்துக் கூச்சலிட்டார்கள். 1800-இல் கட்டிய ஒரு கப்பலின் அடிக்கட்டையில், இது ஒரு கறுப்பன் கட்டியது என்று தன்னைக் குறித்து வெள்ளையர்கள் சொன்ன வசையையே ஜம்சேட்ஜி செதுக்கி வைத்தார் என்றொரு செய்தி அக்குடும்பத்தின் வரலாற்றோடு சேர்த்துச் சொல்லப்பட்டு வருகிறது. கப்பல் நெடுங்காலம் கடலில் உழைத்துத் திரும்பிச் செப்பனிட வந்தபோது அந்த எழுத்தை அவரே எடுத்துக் காட்டினாராம். இத்தனை காலம் தாங்கிய கப்பலை யார் கட்டியது என்ற கேள்விக்கு அதைவிட உரத்த பதில் தேவையில்லை.

அவர் கட்டியவற்றில் ஒன்றின் பெயர் நமக்கு மிக நெருக்கமானது: திருகோணமலை. 1782-இல் அந்த ஊருக்கு அருகே ஆங்கிலேயரும் பிரெஞ்சுக்காரரும் மோதிய கடற்போரின் நினைவாக வைத்த பெயர், ஆங்கிலேயர் நாவில் டிரிங்கோமலி. அதன் வரைபடங்களை ஏற்றிவந்த ஜாவா என்ற கப்பல் 1812 டிசம்பரில் பிரேசில் கரையருகே அமெரிக்கக் கப்பலான கான்ஸ்டிடியூஷனிடம் வீழ்ந்தது. மறுபடியும் வரைபடம் வரவேண்டியிருந்தது. 1816 மே மாதம் வேலை தொடங்கியபோது ஜம்சேட்ஜி பார்சி வழக்கப்படி ஏராவில் வெள்ளி ஆணி ஒன்றை அறைந்தார். 1817 அக்டோபர் 12 அன்று கப்பல் நீரில் இறங்கியது. இன்று அது இங்கிலாந்தின் ஹார்ட்டில்பூலில் மிதந்துகொண்டிருக்கிறது. மிதக்கும் நிலையில் உள்ள பிரிட்டிஷ் போர்க்கப்பல்களில் அதுவே மிகப் பழையது. அதைவிட மூத்த விக்டரி என்ற போர்க்கப்பல் நீரில் இல்லை, உலர்துறையில் நிற்கிறது.

அந்த உறுதி எதற்கெல்லாம் பயன்பட்டது என்பதையும் சொல்லியாக வேண்டும். பம்பாயில் கட்டிய வெல்லெஸ்லியும் கார்ன்வாலிஸும் சீனாவின் மீது தொடுத்த அபினிப் போரில் பங்கேற்றன. சீனாவைப் பணியவைத்து ஹாங்காங்கைப் பறித்த நான்கிங் உடன்படிக்கை 1842 ஆகஸ்ட் 29 அன்று கையெழுத்தானது கார்ன்வாலிஸின் தளத்தில். 1824-இல் இறங்கிய ஏசியா, 1827-இல் நவாரினோ கடற்போரில் தளபதியின் கொடிக்கப்பலாக நின்றது. கிரேக்க விடுதலைக்கு வழிதிறந்த போர் அது. ஒரே தளத்துத் தச்சர்களின் கைத்திறன் ஒரு நாட்டின் விலங்கை உடைக்கவும் இன்னொரு நாட்டுக்கு விலங்கு பூட்டவும் போயிற்று. எதற்கு என்று தீர்மானிக்கும் உரிமை அந்தத் தச்சர்களுக்கு ஒருநாளும் இருந்ததில்லை.

காட்டுக்கும் இருந்ததில்லை. மலபார் அன்று சென்னை மாகாணத்தின் ஒரு பகுதி. நிலம்பூர்க் காடுகளில் வெட்டிய தேக்கு சாலியாற்றில் மிதந்து பேப்பூருக்கு வந்து, அங்கிருந்து கடல்வழியே பம்பாய்க்குப் போனது. 1806-இல் கேப்டன் வாட்சன் என்பவரைக் காடுகளுக்குப் பாதுகாவலராக நியமித்தது கம்பெனி. பாதுகாத்தது காட்டை அல்ல, கப்பலுக்கான தேக்கை. தேக்கு முழுவதும் அரசுக்கே என்றாயிற்று. காட்டுக்காரர்களும் மர வியாபாரிகளும் குமுறினார்கள். 1823-இல் சென்னை ஆளுநர் தாமஸ் மன்றோ அந்தப் பதவியையே ஒழித்தார். அதற்குள் கரையோரத்து முதிர்ந்த மரங்கள் பெரும்பாலும் போய்விட்டிருந்தன. 1840-களில் மலபார் ஆட்சியர் கனோலியும் அவர் கீழ் பணியாற்றிய சாத்து மேனனும் நிலம்பூரில் தேக்குத் தோட்டம் போட வேண்டி வந்தது. பல ஆயிரம் மைல் தொலைவில் நடந்த போர்களுக்கு விலை கொடுத்தவற்றில் நம் மேற்கு மலைச்சாரலும் ஒன்று.

1848-இல் இறங்கிய மியானிக்குப் பிறகு பம்பாயில் அத்தகைய பெரும் மரப் போர்க்கப்பல் எழவில்லை. உலகம் இரும்புக்கும் நீராவிக்கும் மாறிவிட்டது. 1863-இல் பம்பாயின் இந்தியக் கடற்படையும் கலைக்கப்பட்டது. தளம் செப்பனிடும் இடமாகச் சுருங்கியது. வாடியாக்களில் கடைசித் தலைமைத் தச்சரான ஜம்சேட்ஜி தன்ஜிபாய் ஓய்வு பெற்றதோடு அந்த வரிசை முடிந்தது.

கைத்திறன் அழிந்ததால் இது முடிந்தது என்று எழுதுகிறவர்கள் உண்டு. அது சரியல்ல. புதியதைக் கற்க அந்தத் தச்சர்கள் முன்வந்தார்கள். 1838-இலேயே ஜெஹாங்கீர் நவ்ரோஜி, ஹிர்ஜிபாய் மெர்வான்ஜி என்ற இரு வாடியா இளைஞர்கள் கடல் கடந்துபோய் இங்கிலாந்தில் கப்பல் கட்டும் கலையைக் கற்றார்கள். கற்க ஆள் இருந்தது. பெரிய இரும்புக் கப்பல்களைக் கட்டும் வேலையைப் பம்பாய்க்குக் கொடுக்கும் மனம்தான் லண்டனில் இல்லை. ஒரு தொழில் எப்படிச் சாகிறது என்று யாராவது கேட்டால் நான் முதலில் காட்டுவது இந்தத் தளத்தைத்தான். தொழிலாளி மறந்ததால் அது சாகவில்லை, வேலை வேறிடத்துக்குப் போனதால் செத்தது.

அதே குடும்பத்தில் இன்னொருவர், ஆர்தசீர் கர்செட்ஜி. பம்பாயில் தன் வீட்டுக்கு எரிவாயு விளக்கு போட்டவர், நீராவி எந்திரத்தைக் கப்பலில் பொருத்தியவர், 1841-இல் லண்டன் ராயல் சொசைட்டியின் உறுப்பினரான முதல் இந்தியர். அவர் கதை அடுத்த வாரம்.

(தொடரும்)