விளம்பரக் கம்பெனி ஓவியர், ஆவணப்பட இயக்குநர் ஆனது எப்படி? சத்யஜித் ரேவும் சென்னையின் 'பாலா'வும்

வண்ணாரப்பேட்டையில் மெட்ரோ ஏறினால் அடுத்த ஸ்டேஷன் மண்ணடி. அங்கே இறங்கினால் ஜார்ஜ் டவுன். வீணை தனம்மாள் வாழ்ந்த பகுதி இது. அவருடைய பேத்திதான் பரதநாட்டியக் கலைஞர் டி.பாலசரஸ்வதி. அவர் ஆடியதை இன்றைக்கு நம்மால் திரையில் பார்க்க முடிகிறது என்றால், அதற்கு முக்கியக் காரணம் ஒரு காலத்தில் விளம்பரங்களுக்குப் படம் வரைந்துகொண்டிருந்த சத்யஜித் ரே.

80 ரூபாய் சம்பளம்

1943-ல் கல்கத்தாவில் டி.ஜே.கீமர் என்ற விளம்பர நிறுவனத்தில் ஜூனியர் விஷுவலைசராகச் சேர்ந்தார் ரே. மாதம் 80 ரூபாய். கூடவே, சிக்னெட் பிரஸ் பதிப்பகத்துக்குப் புத்தக அட்டைகளும் செய்தார். 'பதேர் பாஞ்சாலி' நாவலின் சிறுவர் பதிப்புக்குப் படம் வரைந்தபோதுதான் அந்தக் கதை அவர் மனசில் ஒட்டிக்கொண்டது. 1950-ல் ஆபீஸ் வேலையாக லண்டன் போனவர், அங்கே 'பைசைக்கிள் தீவ்ஸ்' பார்த்தார். சினிமாதான் என்று முடிவானது.

'பதேர் பாஞ்சாலி' ஷூட்டிங்கில் அவர் கையில் முழு ஸ்கிரிப்ட் இல்லை. வரைந்த காட்சிகளும் குறிப்புகளும்தான் இருந்தன. படம் 1955-ல் வெளியானது. அடுத்து ஆவணப்படங்களும் வந்தன. 1961-ல் தாகூர் பற்றி ஒன்று. 1972-ல் 'தி இன்னர் ஐ'. சாந்திநிகேதனில் ரேவுக்குக் கற்பித்த, பார்வை இழந்த பிறகும் கலையை விடாத ஓவியர் வினோத் பிஹாரி முகர்ஜி பற்றிய படம் அது.

ஓவியருக்கு என்ன பிளஸ், என்ன சிக்கல்?

ஃப்ரேமுக்குள் எதை வைக்கணும், எதை விடணும் என்பது ஓவியருக்குக் கைவந்த விஷயம். பிடிக்கலைன்னா அழித்துவிட்டு மறுபடி வரையலாம். ஆவணப்படத்தில் அது நடக்காது. எதிரில் இருப்பவர் உயிருள்ள மனிதர். அவருக்கு வயசாகும்.

பாலசரஸ்வதியின் நடனத்தை ரே முதன்முதலில் பார்த்தது 1935-ல், 14 வயதில். படம் எடுக்க நினைத்தது 1966-ல். எடுக்க முடிந்ததோ 1976-ல். அப்போது பாலாவுக்கு வயது 58.

கடற்கரையில் ஒரு நடனம்

'பாலா' சுமார் அரை மணி நேரப் படம். தமிழக அரசும் மும்பையின் தேசிய நிகழ்த்துகலை மையமும் சேர்ந்து தயாரித்தன. 'கிருஷ்ணா நீ பேகனே பாரோ' பாடலுக்கு அவர் ஆடுவது மேடையில் அல்ல, கடற்கரையில். காற்று புடவையைப் பிடித்து இழுக்கிறது. அபிநயத்தை ரசிக்க வந்தவருக்கு அது இடைஞ்சலாகக்கூடத் தோன்றலாம். ஓவியமாக இருந்தால் ஒரு கோட்டில் சரிசெய்திருக்கலாம். ஆனால், ஒரு முத்திரை இன்னொன்றாக மாறும் அந்த நொடியை எந்த ஓவியத்திலும் பார்க்க முடியாது.

1984-ல் பாலசரஸ்வதி காலமானார். அவருடைய இளமைக்கால ஆட்டம் ரேயின் படத்தில் இல்லை. 58 வயது ஆட்டம் இருக்கிறது. 10 வருஷத் தாமதத்தில் போனது எது, மிஞ்சியது எது என்பதற்கு இந்தப் படமே சாட்சி.

டேப்லெட்டில் வரைந்துகொண்டே 'நாமும் ஒரு டாக்குமென்டரி எடுக்கலாமா' என்று யோசிப்பவர்கள் இதைக் கவனிக்கலாம். ஸ்டோரிபோர்டை எப்போது வேண்டுமானாலும் திருத்தலாம். காசிமேட்டில் படகு கட்டும் பெரியவரிடம் பேச வேண்டும் என்றால், அதை இந்த வாரமே பேசிவிடுவது நல்லது.