படமுதலாளியும் பார்வையாளரும்: கே. குணரத்தினத்தின் தொழில் வாழ்வை முன்வைத்துச் சில குறிப்புகள்

தமிழிலே திரைப்படம் பற்றி எழுதப்பெற்றவற்றை ஒருங்கு வைத்து நோக்குவோர்க்கு ஓருண்மை புலப்படாமற் போகாது. நடிகரைப் பற்றி நிரம்ப எழுதப்பட்டுள்ளது. பாடலாசிரியர், வசனகர்த்தா ஆகியோரைப் பற்றியும் எழுதப்பட்டுள்ளது. அண்மைக் காலத்தில் நெறியாளரைப் பற்றியும் எழுதப்படுகின்றது. ஆயின், பணத்தை முதலிட்டுப் படத்தை உற்பத்தி செய்விக்கும் படமுதலாளி பற்றி ஆய்வு நிலையிலே எழுதப்பெற்றது மிகச் சொற்பமாகும். எமது ஊராகிய கரவெட்டியிற் பிறந்த பேராசிரியர் கா. சிவத்தம்பி, தமிழ்த் திரைப்படத்தை அரசியற் றொடர்பு ஊடகமாக ஆராய்ந்து 1981 இல் ஆங்கிலத்தில் ஒரு நூலை வெளியிட்டார். இத்துறையில் அது எமக்கு ஒரு வழிகாட்டி. எனினும் அந்நூலின் நோக்கெல்லை தமிழ்நாடு ஆதலின், ஈழத்துப் படமுதலாளி அதனுள் இடம்பெற நியாயமில்லை.

இக்கட்டுரைக்குத் தூண்டுதலாயமைந்தது ஒரு கேள்வி. கரவெட்டியில் நாம் பங்குபற்றிய சிறு வாசகர் சந்திப்பொன்றிலே ஈழத்துத் தமிழ்த் திரைப்படம் பற்றிப் பேசிக்கொண்டிருந்தபொழுது, பின்வரிசையிலிருந்த முதியவர் ஒருவர் எழுந்து, “குணரத்தினம் எங்கடை ஆள்தானே, தம்பி. சிங்களப் படங்களுக்குக் காசு போட்டவர் எங்கடை படமொண்டுக்கு ஏன் போடேல்லை?” என்று கேட்டார். அவையிலே சிரிப்பு எழுந்தது. அன்று எம்மால் ஒழுங்கான விடை கூற முடியவில்லை. ‘அவருக்குத் தமிழ்ப்பற்று இல்லை’ என்று ஒருவரும், ‘எமது சனங்களுக்கு இரசனை இல்லை’ என்று இன்னொருவரும் கூறினர். முன்னையது தனிமனிதனைப் பழித்தல். பின்னையது மக்களைப் பழித்தல். இரண்டும் விளக்கமாகா என்பதே எமது கருத்து.

இலங்கைத் திரைப்படத் துறையின் வரலாற்றை நோக்குமிடத்து வியப்புக்குரிய ஒரு செய்தி தெரியவரும். சிங்களத் திரைப்படத்தின் தொடக்கக் காலத்து மூலதனத்திற் பெரும்பகுதி தமிழர் கையிலிருந்து வந்ததாகும். 1928 இல் சிலோன் தியேட்டர்ஸ் நிறுவனத்தைத் தோற்றுவித்தவர் சிற்றம்பலம் ஏ. கார்டினர். 1947 இல் வெளியான முதலாவது சிங்களப் பேசும்படமாகிய ‘கடவுணு பொறொந்துவ’வைத் தயாரித்தவர் தமிழ்நாட்டைச் சேர்ந்த எஸ். எம். நாயகம். அப்படம் பி. ஏ. டபிள்யூ. ஜயமான்னவின் மேடை நாடகத்தை அடியொற்றியது. நெறிப்படுத்தியவர் ஜோதிஷ் சிங் என்னும் இந்தியர். படப்பிடிப்பு நிகழ்ந்ததோ மதுரையில். சிங்களக் கதையும் சிங்கள நடிகரும் தமிழ்நாட்டுப் படப்பிடிப்பு நிலையத்திலே தமிழ் மூலதனத்தோடு சந்தித்ததன் விளைவே அது எனலாம். நாயகம் பின்னர் கந்தானையிலே தமக்கெனப் படப்பிடிப்பு நிலையமொன்றை அமைத்தார்.

இவர்களுக்குப் பின் வந்தவரே யாழ்ப்பாணத்தவரான கே. குணரத்தினம். அவரது சினிமாஸ் லிமிட்டெட், சிலோன் தியேட்டர்ஸ், சிலோன் என்ரர்ரெயின்மென்ற்ஸ் ஆகிய மூன்று நிறுவனங்களும் 1950களிலும் 1960களிலும் இந்நாட்டின் திரைப்பட இறக்குமதி, விநியோகம், காட்சிப்படுத்தல் ஆகிய மூன்றையும் தம்முட் பகிர்ந்துகொண்டிருந்தன. இம்மூன்றும் ஒரே கையில் இருந்தமையை அழுத்திக் கூறவேண்டும். எப்படம் நாட்டினுள் வரவேண்டும், அது எந்த ஊரில் எத்தனை நாள் ஓடவேண்டும், எப்பொழுது எடுபடவேண்டும் என்பனவற்றை ஒரே அலுவலகம் தீர்மானித்தது. தயாரிப்பு என்பது இம்மூன்றன் மேலே பின்னர் வந்து சேர்ந்த நான்காவது தொழிலாகும்.

குணரத்தினம் தயாரித்து ரி. சோமசேகரன் நெறிப்படுத்திய ‘சுஜாதா’ 1953 இல் வெளியாகிப் பெருவெற்றி ஈட்டியது. அதன் கதை 1949 இல் வெளியான ‘பரி பெஹன்’ என்னும் ஹிந்திப் படத்தைத் தழுவியது. இதனை வெறும் களவு என்று கூறி அப்பாற் செல்வது இலகு. ஆனால் இறக்குமதியாளனே தயாரிப்பாளனாகுமிடத்து நிகழ்வது யாது? எந்த இந்தியப் படம் எத்தனை வாரம் ஓடியது, எக்காட்சியிலே சனங்கள் அழுதனர், எப்பாட்டுக்குக் கைதட்டினர் என்பதெல்லாம் அவனுக்கு முன்னரே தெரியும். அவனது வரும்படிப் பதிவேடே அவனுடைய கதை இலாகா. எனவே இலாபம் உறுதிப்பட்ட கதையை இன்னொரு மொழியில் மீள உற்பத்தி செய்தல் அவனைப் பொறுத்தவரையில் மிகக் குறைந்த ஆபத்துள்ள முதலீடாகும். ஐம்பதுகளின் சிங்களப் படங்களிற் பல ஹிந்தி, தமிழ்ப் படங்களின் சாயல்களாக அமைந்தமைக்குக் கலைஞரின் கற்பனை வறுமையைக் காட்டிலும் இதுவே முக்கிய காரணம் எனக் கருதுகின்றோம்.

எனினும் குணரத்தினத்தை இவ்வளவிலே முடித்துவிடுவது நீதியன்று. 1956 இல் லெஸ்ரர் ஜேம்ஸ் பீரிஸ் ‘ரேகாவ’வை எடுத்தார். படப்பிடிப்பு நிலையத்தின் சுவர்களை விட்டுக் கிராமத்துக்குள்ளே கமராவைக் கொண்டுசென்ற படம் அது. 1957 இல் கான் விழாவுக்குச் சென்று மதிப்புப் பெற்றபோதும் உள்நாட்டிலே அது பணம் ஈட்டவில்லை. அத்தகைய நெறியாளரை அழைத்து, 1960 இல் ‘சந்தேசய’ என்னும் படத்தை எடுக்கச் செய்தவர் குணரத்தினம். போர்த்துக்கேயர் காலத்துக் கிளர்ச்சிக்காரரைப் பற்றிய அப்படத்திலே சண்டையும் பாட்டும் உண்டு. மக்கள் திரண்டு பார்த்தனர். காமினி பொன்சேகாவின் நடிப்பு வாழ்வுக்கும் அது ஒரு முக்கிய படியாயிற்று. ஹெந்தளையில் அவருக்கிருந்த விஜயா ஸ்ரூடியோ பல சிங்களப் படங்களின் பிறப்பிடமாக விளங்கியது. சென்னையையும் சேலத்தையும் நாடியிருந்த ஒரு தொழில், ஈழத்து மண்ணிலே தனக்கெனக் கருவிகளையும் தொழிலாளரையும் தொழில்நுட்பரையும் பெற்றுக்கொள்வதற்கு இத்தகைய நிலையங்கள் உதவின. வர்த்தக மூலதனம் உற்பத்தி மூலதனமாக மாறிய ஒரு கட்டத்தை இங்கு காண்கின்றோம். மாற்றம் சிங்களத் திரைப்படத்தில் நிகழ்ந்தது. ஈழத்துத் தமிழ்த் திரைப்படத்தில் நிகழவில்லை. முதியவரின் கேள்வி உண்மையில் இதுபற்றியதே.

விடையைத் தேடுவதற்கு ஒரு சிறு கணக்குப் போதுமானது. சென்னையில் எடுக்கப்பட்ட ஒரு படத்தின் உற்பத்திச் செலவு தமிழ்நாட்டுப் பார்வையாளரிடமிருந்தே மீளப் பெறப்பட்டுவிடும். இலங்கை உரிமையிற் கிடைப்பது அப்படமுதலாளிக்கு மேலதிக வருவாய். ஆகவே இலங்கை வர்த்தகன் அதனை, ஒரு படத்தை எடுப்பதற்கு வேண்டிய தொகையோடு ஒப்பிடமுடியாத சிறு தொகைக்கு வாங்கமுடியும். அதிலே எம்.ஜி.ஆர் அல்லது சிவாஜி நடித்திருப்பார். விளம்பரத்தை வானொலியும் தமிழக சஞ்சிகைகளும் முன்னரே செய்து முடித்திருக்கும். ஈழத்தவர் ஒருவர் படமெடுத்தாலோ, அதன் முழுச் செலவையும் வடக்கிலும் கிழக்கிலும் மலையகத்திலும் கொழும்பிலும் சிதறிக் கிடக்கும் சிறு சந்தை ஒன்றிலேயே ஈட்டியாக வேண்டும். அதற்கு வேண்டிய படமாளிகைகளோ, சென்னைப் படத்தை ஓட்டி இலாபம் பெறும் அதே நிறுவனங்களின் பிடியில் இருந்தன. தன் சரக்கோடு தானே போட்டியிடும் இன்னொரு சரக்கை எந்த வர்த்தகன் உற்பத்தி செய்வான்?

சிங்களப் படத்தின் நிலை இதற்கு நேர்மாறானது. சிங்களத்திலே படங்களை இறக்குமதி செய்வதற்கு உலகில் வேறொரு சென்னை இல்லை. சிங்களப் பார்வையாளனுக்கு அவன் மொழியிலே படம் வேண்டுமாயின் அதனை இங்கேயே உற்பத்தி செய்தல் வேண்டும். ஆகவே அதே வர்த்தகன் சிங்களத்திலே தயாரிப்பாளனாகவும் தமிழிலே இறக்குமதியாளனாகவும் ஒரே வேளையிற் செயற்பட்டான். இதில் மொழிப்பற்றுக்கோ மொழித்துரோகத்துக்கோ இடமில்லை. மூலதனம் எங்கே பெருகுமோ அங்கே சென்றது. வர்த்தக மூலதனம் தன்னளவிலே மேலோங்கியிருக்குமிடத்து உற்பத்தி பின்தங்கியிருக்கும் என்னும் பொருள்பட மார்க்ஸ் ‘மூலதனம்’ மூன்றாம் தொகுதியிற் கூறுவது, யாழ்ப்பாணத்து வெலிங்டன், ராணி முதலிய படமாளிகைகளின் வாசலிலே நீண்ட வரிசைகளுக்கும் பொருந்தி வருகின்றது. (வரிசையில் நின்றவர்களுக்கு இரசனை இல்லை என்று கூறும் எம் நண்பர்களுள்ளும் சிலர் அதே வரிசையில் நின்றவர்களே.)

இந்நிலை இயற்கை நியதியன்று என்பதை இத்தாலியை நோக்கி அறியலாம். இரண்டாம் உலக யுத்தத்தின் பின் இத்தாலியப் படமாளிகைகளை அமெரிக்கப் படங்கள் வெள்ளம்போல் நிறைத்தன. அந்நாட்டுப் படமுதலாளிகளுள் ஒருவரான டினோ டி லோரன்ரிஸ், நேப்பிள்ஸ் நகருக்கருகே மாப்பண்டத் தொழிற்சாலை வைத்திருந்த ஒருவரின் மைந்தர். இளமையில் அதனை விற்றுத் திரிந்தவர். 1949 இல் லக்ஸ் ஃபிலிம் நிறுவனத்துக்காக அவர் தயாரித்த ‘கசப்பரிசி’ என்னும் படம், வட இத்தாலியின் நெல்வயல்களிலே கூலிக்கு நாற்று நடும், களை பிடுங்கும் பெண்களைப் பற்றியது. நெறிப்படுத்திய ஜுசெப்பே டி சான்ரிஸ் பொதுவுடைமைவாதி. அடுத்த ஆண்டு கார்லோ பொன்ரி என்னும் சட்டம் பயின்ற தயாரிப்பாளரோடு டி லோரன்ரிஸ் கூட்டுச் சேர்ந்தார். ஃபெலினியின் ‘லா ஸ்ராடா’ (1954) அக்கூட்டின் விளைபொருளாகும். இம்முதலாளிகளும் இலாபத்துக்கே உழைத்தனர். பின்னாளில் இருவரும் அமெரிக்கப் பணத்தோடு கைகோத்துக் கொண்டதும் உலகறிந்தது. ஆனால் அவர்களுக்குப் பின்னால் அரசின் ஒரு சட்டம் நின்றது. 1949 இல் நிறைவேறிய அச்சட்டத்தின்படி, இத்தாலிய மொழிக்கு மாற்றப்படும் ஒவ்வொரு வெளிநாட்டுப் படத்துக்கும் 25 இலட்சம் லீரா வைப்பிடப்படல் வேண்டும்; அப்பணம் உள்நாட்டுத் தயாரிப்புக்குக் கடனாகப் பயன்பட்டது. படமாளிகைகள் ஆண்டில் 80 நாள்களை உள்நாட்டுப் படத்துக்கு ஒதுக்கவும் வேண்டியிருந்தது. கடனோடு தணிக்கையும் வந்து, நவ யதார்த்தவாதத்தின் கூர்மையை அதே சட்டம் மழுக்கியது என்பதையும் மறைத்தலாகாது. ஆயினும் இறக்குமதியின் இலாபத்தில் ஒரு பங்கு உற்பத்திக்குத் திருப்பப்பட்டது. இலங்கையில் அக்காலத்தில் அவ்வாறு திருப்புவார் இருக்கவில்லை.

1962 இல் 16 மில்லிமீற்றர்ப் படமாக வெளியான ‘சமுதாயம்’ தொடக்கம், ‘ஹம்லெற்’றைத் தழுவிய ‘கடமையின் எல்லை’ (1966), ‘நிர்மலா’ (1968) முதலிய படங்களை எடுத்தவர்கள் பெரும்பாலும் நாடகக்காரரும் ஆர்வலருமாவர். பெரும் வர்த்தகர் அவ்வரிசையிலே முன்னிற்கவில்லை.

1972 இல் அரச திரைப்படக் கூட்டுத்தாபனம் தொழிற்படத் தொடங்கி இறக்குமதியையும் விநியோகத்தையும் தன் கையில் எடுத்தது. அவ்வாண்டிலேயே, சிலோன் தியேட்டர்ஸ் தயாரித்து லெஸ்ரர் நெறிப்படுத்திய ‘நிதானய’ இத்தாலியின் வெனிஸ் விழாவிலே பரிசு பெற்றது. மூன்று நிறுவனங்களின் ஆதிக்கம் முடிவுறும் வேளையிலே அவற்றுள் ஒன்றின் மிகச் சிறந்த படைப்பு புகழெய்தியமை வரலாற்றின் ஒரு முரண். இதன் பின்னரே ஈழத்துத் தமிழ்ப் படங்களின் எண்ணிக்கை கூடிற்று. கட்டடக் கலைஞர் வி. எஸ். துரைராஜா ‘குத்துவிளக்கு’ (1972) படத்தைத் தயாரித்தார். எரியுண்ட யாழ்ப்பாணப் பொதுநூலகத்தின் மீள்நிர்மாணப் பணியில் ஈடுபட்டவரும் அவரே. மலையகத் தொழிற்சங்கவாதி வீ. பி. கணேசன் ‘புதிய காற்று’ (1975), ‘நான் உங்கள் தோழன்’ (1978) ஆகியவற்றைத் தயாரித்து நடித்தார். செங்கை ஆழியானின் நாவல் ‘வாடைக்காற்று’ 1978 இல் படமாயிற்று. காவலூர் ராஜதுரையின் திரைக்கதையைக் கொண்டு தர்மசேன பத்திராஜ நெறிப்படுத்திய ‘பொன்மணி’ (1977), யாழ்ப்பாணத்துச் சாதியத்தையும் சீதனத்தையும் அமைதியான குரலிலே பேசியது. அதனைப் பார்க்கவேண்டியவர்கள் அன்று போதிய அளவிற் பார்க்கவில்லை. இறக்குமதியைக் கட்டுப்படுத்திய அரசினால், கால்நூற்றாண்டாக இறக்குமதி வளர்த்த பார்வைப் பழக்கத்தை ஐந்தாறு ஆண்டுகளில் மாற்ற இயலவில்லை. 1977 இன் பின் வந்த திறந்த பொருளாதாரமும், தொடர்ந்து வந்த தொலைக்காட்சியும் வீடியோவும் அதற்கு அவகாசமும் தரவில்லை.

குணரத்தினம் இதற்குள்ளே தம் மூலதனத்தைத் திரைப்படத்துக்குப் புறம்பான தொழில்களிலும் இட்டிருந்தார். 1983 யூலையில் தமிழர் சொத்துகளைத் தேடி வந்தோர் ஹெந்தளை விஜயா ஸ்ரூடியோவுக்குத் தீ வைத்தனர். உள்ளே இருந்தவை சிங்களப் படச்சுருள்கள். தீ வைத்தோரும் அவர்தம் பெற்றோரும் பார்த்துச் சிரித்தும் அழுதும் மகிழ்ந்த படங்களின் மூலப் பிரதிகள் உரிமையாளரின் இனம் காரணமாகச் சாம்பலாயின. சிங்களப் படங்களை நெறிப்படுத்தி வந்த கே. வெங்கட் அக்கலவரத்திலேயே கொல்லப்பட்டார். மூலதனத்துக்கு மொழி இல்லை என்று மேலே கூறினோம். அம்மூலதனத்தை உடையவனுக்கு இனம் உண்டு என்பதை அந்த யூலை காட்டியது. வர்த்தக வர்க்கம் சிங்களப் பண்பாட்டுக்கு ஆற்றிய உற்பத்திப் பணி, இனவாதத்தின் முன்னே அதற்கு எவ்விதக் காப்பையும் வழங்கவில்லை.

அதன் பின்னும் குணரத்தினம் கொழும்பை விட்டு நீங்கவில்லை. தென்னிலங்கை மீண்டும் கிளர்ச்சியிலும் அடக்குமுறையிலும் அமிழ்ந்திருந்த 1989 இல் அவர் சுட்டுக் கொல்லப்பட்டார்.

முதியவரைப் பின்னர் நாம் நெல்லியடிச் சந்தியிற் கண்டு இவற்றைச் சுருக்கமாகக் கூறினோம். கேட்டுக்கொண்டிருந்தவர், “அப்ப வரிசையிலை நிண்டு நாங்கள் குடுத்த காசுதானே அது” என்றார். அதனையும் இக்கணக்கிற் சேர்த்துக்கொள்ள வேண்டும்.